பதியாத குதிகால்

ஆகஸ்ட் 5, திங்கள்

இந்த நோட்டில் நடந்ததை நடந்தபடியே எழுதுவேன். கூட்டியும் குறைத்தும் எழுத மாட்டேன். தெரியாததைத் தெரிந்ததுபோல எழுத மாட்டேன். இப்படிக்கு, கி. ஆவுடைச்செல்வி, ஒன்பதாம் வகுப்பு ‘அ’ பிரிவு, அம்பாசமுத்திரம்.

கையெழுத்தும் போட்டுவிட்டேன். இனி மாற்ற முடியாது.

செப்டம்பர் 13 அன்று எங்கள் பள்ளியில் அறிவியல் கண்காட்சி. இரண்டிரண்டு பேராகச் சேர்ந்து ஒரு தலைப்பு எடுக்க வேண்டும். ஆராய்ச்சி செய்கிறவர்கள் தினமும் குறிப்பு எழுதுவார்கள் என்று புனிதா டீச்சர் சொன்னார். அதனால்தான் இந்த நோட்டு. போன வருடத்து ரெக்கார்டு நோட்டில் எழுதாமல் விட்ட பாதி.

எனக்கு ஜோடி ஜெனிபா. அவளுக்கு எரிமலை செய்ய ஆசை. போன வருடமே நான்கு எரிமலைகள் பொங்கிவிட்டன என்று சொல்லி, நூலகத்தில் எடுத்த புத்தகத்தைக் காட்டினேன். மனிதன் எப்படி நிமிர்ந்து நடந்தான் என்பதுதான் நம் தலைப்பு என்றேன்.

“இதுல பொங்குறதுக்கு ஒண்ணுமே இல்லையேட்டி.”

“லூசியைப் பாரு. முப்பத்திரண்டு லட்சம் வருஷம் முன்னாடி எத்தியோப்பியாவில வாழ்ந்தவ. மூணரை அடி உயரம். ரெண்டு காலால நடந்திருக்கா.”

“லூசா?”

“லூசி!”

பக்கத்து பெஞ்சு வரை சிரித்தார்கள். அடுத்த பக்கத்தைத் திருப்பினேன். ஆப்பிரிக்காவில் தான்சானியா என்ற நாட்டில் ஓர் எரிமலை சாம்பலைக் கக்கியது. சாம்பல் மேல் மழை பெய்தது. அந்த ஈரத்தில் யாரோ நடந்து போனார்கள். சாம்பல் இறுகிக் கல்லாகிவிட்டது. முப்பத்தாறு லட்சம் வருடமாக அந்தக் காலடிகள் அங்கேயே இருக்கின்றன.

“எரிமலை இருக்கா?” என்றாள் ஜெனிபா. “அப்ப சரி. மேசை ஓரத்துல சின்னதா ஒண்ணு பொங்க வைப்போம்.”

ஒப்பந்தம் ஆகிவிட்டது.

ஆகஸ்ட் 7, புதன்

காலடிகளை வைத்து, நடந்தது மனிதக் கால்தான் என்று எப்படிச் சொன்னார்கள்? புத்தகத்தில் காரணம் இருக்கிறது. குதிகால் ஆழமாகப் பதிந்திருக்கிறது. பெருவிரல் மற்ற விரல்களோடு ஒட்டி முன்னால் பார்க்கிறது. நிமிர்ந்து நடக்கிறவர்கள் முதலில் குதிகாலைத்தான் ஊன்றுகிறார்கள். அதனால் குதிகால்தான் சாட்சி.

பள்ளியிலிருந்து வந்ததும் சின்னுவின் காலை நூல் வைத்து அளக்கப் போனேன். சின்னு என் தங்கை. பதினைந்து மாதம். எனக்கும் அவளுக்கும் பதின்மூன்று வயது வித்தியாசம். பீரோவைப் பிடித்துக்கொண்டு நிற்பாள்.

அம்மா அடுக்களையிலிருந்து ஓடி வந்து நூலைப் பிடுங்கினாள்.

“பச்சப்பிள்ளைய அளக்காதட்டி. கண்ணு பட்டுரும்.”

“அக்கா கண்ணு எப்படிம்மா படும்?”

“எல்லார் கண்ணும் படும். போய் தண்ணி பிடி, கொழாயில வந்துட்டு.”

ஆறு குடம் பிடித்தேன். அம்மா படித்தவள்தான், பன்னிரண்டாம் வகுப்பு. இருந்தும் மூடநம்பிக்கை. இந்த வேர்வையிலும் சின்னுவுக்குக் கணுக்கால் மறைகிற நீளப் பாவாடைதான் கட்டிவிடுகிறாள்.

ஆகஸ்ட் 10, சனி

சின்னு நடந்துவிட்டாள்!!

சரியாக நான்கு அடி. பீரோவிலிருந்து தையல் மிஷின் வரை. நேரம் காலை 10.40. நேரில் பார்த்தவர்கள் நான், அம்மா, பேச்சியத்தை. அத்தை அப்பாவின் தங்கை, பக்கத்து வீடு. திருப்பூர் பஸ்ஸில் கண்டக்டரான அப்பா நேற்றுதான் டூட்டிக்குப் போனார். ஒரு நாள் தப்பிவிட்டது அவருக்கு.

பிள்ளை முதல் அடி வைத்தால் எங்கள் தெருவில் கொழுக்கட்டை அவித்துக் கொடுப்பார்கள். அத்தை உடனே மாவு பிசைய உட்கார்ந்துவிட்டாள்.

“மைனி, என்ன நிக்கிய? தேங்காய உடைங்க.”

அம்மா அசையவில்லை. சின்னு ஐந்தாவது அடி எடுப்பதற்குள் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். சந்தோஷத்தில் அம்மாவுக்குக் கண் கலங்கியிருந்தது.

பதினொரு வீட்டுக்குக் கொழுக்கட்டை கொண்டு போனேன். எல்லாரும் “எங்க, நடக்கச் சொல்லு பார்ப்போம்” என்றார்கள். சின்னு தூங்குகிறாள் என்று சொல்லச் சொல்லியிருந்தாள் அம்மா. சின்னு தூங்கவில்லை. இதையும் எழுதுகிறேன், ஏனென்றால் உண்மை.

ஆகஸ்ட் 13, செவ்வாய்

இன்று கண்டுபிடித்ததுதான் இதுவரை எல்லாவற்றிலும் பெரியது. இரண்டு காலில் நடக்கிறோம் என்று சொல்கிறோம். ஆனால் ஒவ்வோர் அடியிலும் ஒரு காலில்தான் நிற்கிறோம்! மற்றது காற்றில் இருக்கிறது. அந்த ஒரு நொடி இடுப்பு ஒரு பக்கம் சரிந்துவிடாமல் பிடித்து வைப்பது இடுப்பின் பக்கவாட்டுத் தசை. சிம்பன்சிக்கு இடுப்பெலும்பு நீளமாக முதுகுப் பக்கம் இருக்கிறது. அதனால் அந்தத் தசைக்குப் பிடிமானம் கிடையாது. இரண்டு காலில் நடந்தால் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் சாய்ந்து சாய்ந்துதான் நடக்கும். லூசிக்கு இடுப்பெலும்பு குட்டையாகி, அகன்று, பக்கவாட்டில் திரும்பிவிட்டது. அதனால் நேராக நடந்தாள்.

இடைவேளையில் நானும் ஜெனிபாவும் ஒற்றைக் காலில் நின்று இடுப்பைத் தொட்டுப் பார்த்தோம். தசை இறுகுவது கைக்குத் தெரிகிறது. பிறகு ஜெனிபா வராண்டா முழுக்கச் சிம்பன்சியாக நடந்து காட்டினாள். பி.டி. டீச்சர் பிடித்துக்கொண்டார்.

“என்ன இது?”

“ஆராய்ச்சி, டீச்சர்.”

“யாரைப் பத்தி?”

“நம்ம எல்லாரையும் பத்தி, டீச்சர்.”

இருவரும் பத்து நிமிடம் வெயிலில் நின்றோம், இரண்டு காலில்.

சாயங்காலம் சின்னு நடப்பதைக் கவனித்தேன். அவளும் அப்படியேதான் நடக்கிறாள். இடது காலை ஊன்றும்போது உடம்பே அந்தப் பக்கம் சாய்கிறது. என் வீட்டிலேயே ஓர் ஆதி மனுஷி! நாளை டீச்சரிடம் சொல்ல வேண்டும்.

ஆகஸ்ட் 14, புதன்

டீச்சருக்கு மிகவும் பிடித்துவிட்டது. தவழ்வது, பிடித்து நிற்பது, நடப்பது என்று குழந்தை ஒரே வருடத்தில் செய்வதை, ஆதி மனிதரின் லட்சக்கணக்கான வருடத்துக்குப் பக்கத்தில் ஒரு சார்ட்டாகப் போடச் சொன்னார். சின்னுவின் காலடியை அந்தச் சாம்பல் காலடிக்குப் பக்கத்தில் வைக்கலாம் என்று நான் சொன்னேன். “அபாரம்” என்றார். அபாரம் என்று அவர் இதுவரை யாரையும் சொன்னதில்லை.

ஆகஸ்ட் 15, வியாழன்

கொடியேற்றம். இரண்டு ஆரஞ்சு மிட்டாய். ஒன்று சின்னுவுக்கு. அவள் அதைச் சுவரில் தேய்த்துவிட்டாள்.

ஆகஸ்ட் 18, ஞாயிறு

துணி மடித்துக்கொண்டிருந்தோம். அம்மா தானாகவே கேட்டாள்.

“செல்வி, அந்தக் காலத்து மனுசங்க இருக்காங்கல்லா. குகையில.”

“ஆமா.”

“அவங்கள்ல ஒருத்தருக்குக் கால் சரியில்லன்னா என்ன செய்வாங்க? அப்படியே விட்டுட்டுப் போயிருவாங்களா?”

அம்மாவுக்கு என் ஆராய்ச்சியில் ஆர்வம் வந்ததில் எனக்கு அவ்வளவு சந்தோஷம். புத்தகத்தை எடுத்து வந்து படித்தேன். ஈராக்கில் ஒரு குகையில் ஓர் ஆணின் எலும்புக்கூடு கிடைத்தது. நியாண்டர்தால் இனம். ஒரு கை சூம்பியிருந்தது, காலிலும் அடிபட்டு ஆறியிருந்தது, ஒரு கண்ணும் தெரிந்திருக்காது. அப்படியும் அவர் பல வருடம் வாழ்ந்திருக்கிறார். கூட இருந்தவர்கள் பார்த்துக்கொள்ளாமல் அது முடியாது என்கிறார்கள்.

“சாப்பாடு குடுத்திருக்காங்க. விட்டுட்டுப் போகல,” என்றேன்.

அம்மா ஒரே சட்டையை மூன்று முறை மடித்தாள்.

“அந்தாளோட அம்மா இருந்திருப்பாளா அப்ப?”

அது புத்தகத்தில் இல்லை. இல்லை என்றே சொன்னேன்.

ஆகஸ்ட் 26, திங்கள்

கிருஷ்ண ஜெயந்தி. விடுமுறை. முறுக்கு, சீடை, வெல்ல அவல்.

வாசலிலிருந்து சாமி அலமாரி வரை கிருஷ்ணர் பாதம் போட வேண்டும். வழக்கமாக அத்தைதான் அரிசிமாவுக் கரைசலில் கையை முட்டியாக மடக்கித் தோய்த்து அச்சு வைப்பாள். பிறகு விரலால் ஐந்து பொட்டு. எல்லாப் பாதமும் ஒன்றுபோல இருக்கும்.

“இந்த வருசம் நம்ம வீட்டுலயே கிருஷ்ணர் இருக்கே, கை எதுக்கு?” என்று சின்னுவின் காலை மாவில் தோய்த்து வாசலில் விட்டுவிட்டாள் அத்தை. அம்மா குளித்துக்கொண்டிருந்தாள்.

நான் உள்ளேயிருந்து முறுக்கைக் காட்டிக் கூப்பிட்டேன். சின்னு சாய்ந்து சாய்ந்து வந்தாள். பதினான்கு அடி! எரிமலைச் சாம்பலில் நடந்தவர்களும் இப்படித்தான் எதையாவது பார்த்து நடந்திருப்பார்கள்.

அத்தை முட்டியை மாவில் தோய்த்துக்கொண்டு கிளம்பினாள். “பாதிப் பாதமா இருக்கே, முழுசாக்கிருவோம்.”

“அத்தை, தொடாதீங்க! என் ஆராய்ச்சி!”

“ஏ யப்பா, பெரிய விஞ்ஞானி,” என்று அலுத்துக்கொண்டாள். நான் பழைய செய்தித்தாள்களை ஒட்டி, பதினான்கையும் இருந்த இடத்திலேயே வரைந்து எடுத்துக்கொண்டேன்.

குறிப்பு: வலது கால் ஏழு, இடது கால் ஏழு. வலது ஏழிலும் குதிகால் இருக்கிறது. இடது ஏழில் விரல்களும் முன்பாதமும் மட்டும். குதிகால் ஒன்றில்கூட இல்லை.

காரணம்: இடது காலில் மாவு சீக்கிரம் காய்ந்திருக்கும்.

அம்மா குளித்துவிட்டு ஈரத்தலையோடு வந்தாள். வாசலிலேயே நின்றுவிட்டாள். பிறகு ஈரத்துணியை எடுத்து ஒவ்வொன்றாகத் துடைத்தாள். சாமி உள்ளே வருகிற பாதம், அதை யாராவது துடைப்பார்களா என்று அத்தை கத்தினாள். பிள்ளை வழுக்கி விழுந்துவிடும் என்றாள் அம்மா. கையால் வைத்த பாதங்களைத்தான் பிறகு போட்டோம். அழகாக இருந்தன.

ஆகஸ்ட் 29, வியாழன்

சார்ட்டை டீச்சரிடம் காட்டினேன். தலையைச் சாய்த்துப் பார்த்தார்.

“குதிகால்தான் சாட்சின்னு மேல எழுதியிருக்க. கீழ பாதிக்குக் குதிகாலே இல்லையே?”

“மாவு காஞ்சிருச்சு டீச்சர்.”

“நடுவர் வெளியூர்ல இருந்து வராங்க. இதைத்தான் முதல்ல கேப்பாங்க. சரி பண்ணிட்டு வா.”

ஆகஸ்ட் 30, வெள்ளி

சரி பண்ணினேன். கொஞ்சம் பென்சில், அதன் மேல் வெள்ளைப் பெயின்ட். மாவு காயாமல் இருந்திருந்தால் எப்படி இருந்திருக்குமோ அப்படி. அவ்வளவுதான்.

டீச்சர் மறுபடியும் அபாரம் என்றார். ஜெனிபா மட்டும் “நேத்து பாதிக்கால்தானட்டி இருந்துச்சு?” என்றாள். உன் எரிமலையைப் பார் என்றேன்.

செப்டம்பர் 1, ஞாயிறு

சரியாகத் தூக்கம் வரவில்லை. மாவு காய்ந்திருந்தால் வலது காலிலும் காய்ந்திருக்க வேண்டுமே என்று காலையில் பல் தேய்க்கும்போது தோன்றியது. சோதித்துப் பார்க்காமல் காரணம் எழுதிவிட்டேன்.

அம்மா கடைக்குப் போன நேரத்தில் சின்னுவின் காலைத் தண்ணீரில் நனைத்து, சிமென்ட் தரையில் நடக்க விட்டேன். தண்ணீர் காயாது. மூன்று முறை செய்தேன். மூன்று முறையும் இடது குதிகால் தரையில் படவில்லை. நுனிக்காலில் ஊன்றி, சாய்ந்து, மறுகாலுக்குப் போகிறாள்.

பாயில் படுக்க வைத்து இரண்டு முழங்காலையும் மடக்கிப் பாதங்களைச் சேர்த்து வைத்தேன். அவளுக்கு அது விளையாட்டு, சிரித்தாள். இடது முழங்கால் வலதைவிடத் தாழ்ந்து நின்றது. எத்தனை முறை சரி செய்தாலும் தாழ்ந்தே நின்றது.

அம்மா வந்து அவளைக் குளிப்பாட்டும்போது நான் பக்கத்தில் உட்கார்ந்தேன். தொடையில் மடிப்புகளை எண்ணினேன். வலதில் இரண்டு, இடதில் மூன்று.

“அம்மா, சின்னுவுக்கு ஒரு கால் குட்டையா இருக்கு.”

அம்மா சோப்பைக் கீழே வைத்தாள்.

“உனக்கும் தெரிஞ்சிட்டா?” என்றாள்.

அம்மாவுக்கு ஏழாம் மாதத்திலிருந்தே தெரியுமாம். துணி மாற்றும்போது இடது கால் சரியாக விரியாதாம். யாரிடமும் சொல்லவில்லை. அப்பாவிடம்கூட.

“ஏம்மா?”

“என்னன்னு சொல்லச் சொல்லுத? சின்னு வயித்துல இருக்கும்போதே தெருவே சிரிச்சுது. பூப்பெய்துற வயசுல மக இருக்கும்போது இவளுக்கு என்ன கேடுன்னாங்க. கடையில நின்னுக்கிட்டு, வயசான காலத்துல பெத்தா பிள்ளை ஊனமாத்தான் பொறக்கும்னு ஒருத்தி சொன்னா. என் காதுபட. இப்ப இதையும் நானே போய்க் காட்டணுமா?”

சின்னு சோப்பைத் தின்னப் பார்த்தாள். அதைப் பிடுங்கியதில் இரண்டு பேரும் கொஞ்சம் நனைந்தோம்.

“கொழுக்கட்டை கொண்டு போன வீட்டுல எல்லாம் நடக்கச் சொல்லு நடக்கச் சொல்லுன்னு கேட்டாங்கல்லா,” என்றாள் அம்மா. “எனக்கு அன்னைக்குத் தொண்டையில ஒரு வாய் இறங்கல.”

இந்த நோட்டில் ஆகஸ்ட் 7, 10, 18, 26 ஆகிய நாட்களில் அம்மாவைப் பற்றி எழுதியவை எல்லாம் தவறு. ஆகஸ்ட் 13 அன்று எழுதிய ஆதி மனுஷி என்ற வார்த்தையை அடிக்க மாட்டேன். அடித்தால் நான் எழுதவில்லை என்று ஆகிவிடும்.

பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்று கெஞ்சினேன். கடைசியில் சரி என்றாள். அப்பா செவ்வாய் இரவு வருகிறார். வியாழக்கிழமை பாளையங்கோட்டை.

செப்டம்பர் 3, செவ்வாய்

எழுத ஒன்றுமில்லை.

செப்டம்பர் 4, புதன்

நேற்று எழுதியது பொய். எழுத இருந்தது. முழுவதையும் எழுதுகிறேன்.

நேற்றுப் பள்ளியிலிருந்து வந்தபோது வீட்டில் கேசரி மணம். அம்மா பாடிக்கொண்டிருந்தாள். சின்னு பிறந்த பிறகு அம்மா பாடி நான் கேட்டதில்லை. தரையில் என் சார்ட் விரிந்து கிடந்தது. பெருக்கும்போது பீரோவுக்குப் பின்னாலிருந்து விழுந்ததாம்.

“செல்வி, இங்க பாரு, குதிகால் பதிஞ்சிருக்கு! ஏழுலயும்! அன்னைக்கு நான் ஈரத்தலையோட வந்து அவசரத்துல சரியாப் பாக்கல. நீ அளந்து வரைஞ்சிருக்க, தப்பா இருக்குமா? தானாச் சரியாயிட்டு வருது. அம்மன் கண்ணத் தொறந்துட்டா.”

ஒவ்வொரு குதிகாலாக விரலால் தொட்டுக் காட்டினாள். எல்லாம் நான் வரைந்தவை.

“ஆஸ்பத்திரி வேண்டாம். அப்பாகிட்டயும் இப்ப ஒண்ணும் சொல்லாத. பிள்ளைய வெட்டுறேன் கிழிக்கிறேன்னுவாங்க. இன்னும் ஆறு மாசம் பார்ப்போம்.”

கேசரியை வாயில் ஊட்டிவிட்டாள். நான் தின்றேன். ஒன்றும் சொல்லவில்லை. அப்பா எட்டு மணிக்கு வந்தார். அப்போதும் சொல்லவில்லை. எழுத ஒன்றுமில்லை என்று எழுதிவிட்டுப் படுத்துவிட்டேன்.

இன்று பள்ளியில் நான்கு பீரியட் என்ன நடந்தது என்று தெரியவில்லை. சத்துணவு சாப்பிடும்போது ஜெனிபா கேட்டாள், சொன்னேன். அவள் எப்போதும்போல ஏதாவது கேலி செய்வாள் என்று நினைத்தேன். செய்யவில்லை.

“ஆறு மாசம் ஆனா கால் தானாச் சரியாயிருமா?” என்றாள்.

“தெரியாது.”

“அப்ப இன்னைக்கே சொல்லு பிள்ள. அடிச்சா அடிக்கட்டும்.”

வீட்டுக்கு வந்ததும் செய்தித்தாள் நகலை எடுத்து சார்ட்டுக்குப் பக்கத்தில் விரித்தேன். அம்மா அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள்.

“அம்மா, இதுதான் நான் தரையில இருந்து எடுத்தது. அதுல இருக்கிற குதிகால் நான் வரைஞ்சது. பெயின்ட்.”

அம்மாவுக்குப் புரியவில்லை. மறுபடியும் சொன்னேன். டீச்சர் சரி பண்ணச் சொன்னார், அதனால் வரைந்தேன் என்றேன். பிறகு, டீச்சர் வரையச் சொல்லவில்லை, நானாகத்தான் வரைந்தேன், அழகாக இருக்க வேண்டும் என்று வரைந்தேன் என்றும் சொன்னேன்.

அம்மா அடிக்கவில்லை. முறத்தைக் கீழே வைத்துவிட்டுச் செய்தித்தாள் பக்கம் தவழ்ந்து வந்தாள். இடது பாதங்களில் குதிகால் இருக்க வேண்டிய இடத்தில் பழைய செய்தி எழுத்துகள்தான் இருந்தன. ஏழு இடத்திலும் கையை வைத்துப் பார்த்தாள்.

“நேத்து ஒரு நாளாவது நிம்மதியா இருந்தேன்ட்டி,” என்றாள்.

அதை எழுதுவதுதான் இந்த நோட்டிலேயே கஷ்டமாக இருக்கிறது.

அப்பா குளித்துவிட்டு வந்தார். தரையில் எங்கள் இருவரையும் பார்த்து, “என்ன, வீட்டுல சினிமா போஸ்டர் ஒட்டுதியளா?” என்றார். அம்மா அவரை உட்காரச் சொன்னாள். எல்லாவற்றையும் அவளே சொன்னாள், ஏழாம் மாதத்திலிருந்து. அப்பா திட்டவில்லை. சின்னுவின் இடது பாதத்தை உள்ளங்கையில் எடுத்து வைத்துக்கொண்டு வெகுநேரம் இருந்தார். சின்னு அவர் விசிலைப் பிடுங்கி ஊதினாள்.

செப்டம்பர் 5, வியாழன்

பாளையங்கோட்டை. பஸ்ஸில் ஒன்றரை மணி நேரம், வரிசையில் மூன்று மணி நேரம். அரைமூட்டைச் சீடை தீர்ந்தது என்று அப்பா சொன்னார். (உண்மையில் ஒரு டப்பா.)

எலும்பு டாக்டர் ஓர் அம்மா. எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். தொடையெலும்பின் தலை பந்துபோல இருக்கிறது. இடுப்பில் அதற்கு ஒரு கிண்ணம் இருக்கிறது. வலது பந்து கிண்ணத்துக்குள். இடது பந்து வெளியே, மேலே ஏறி நிற்கிறது. அதனால் கால் குட்டையாகத் தெரிகிறது. இடுப்புத் தசைக்கும் சரியான பிடிமானம் இல்லை, சாய்கிறாள்.

“சிம்பன்சிக்கு மாதிரியா டாக்டர்?” என்று கேட்டுவிட்டேன். அப்பா என் தோளை அழுத்தினார்.

டாக்டர் என்னைத் திரும்பிப் பார்த்தார். “காரணம் வேற. சாயுறது கிட்டத்தட்ட அதே கணக்குதான். யார் உனக்குச் சொன்னா?”

செய்தித்தாளைக் கொடுத்தேன். மேசையில் விரித்து, தண்ணீர் பாட்டிலை ஒரு மூலையில் வைத்துப் பார்த்தார். வெளியே உட்கார்ந்திருந்த இரண்டு மாணவ டாக்டர்களையும் கூப்பிட்டுக் காட்டினார்.

அம்மா முன்னால் நகர்ந்து வந்தாள். அப்போது கேட்டாள்.

“எனக்கு முப்பத்தாறு வயசுல பொறந்தவ டாக்டர். அதுனாலதானா?”

“யாரும்மா சொன்னா? வயித்துக்குள்ள பிள்ளை எப்படி இருந்துச்சு? தலை கீழயா?”

“இல்ல. உக்காந்த மாதிரி இருக்குன்னு சொல்லி ஆபரேஷன் பண்ணித்தான் எடுத்தாங்க.”

“அப்படி இருக்கிற பிள்ளைகளுக்கு இது வர வாய்ப்பு கூட. அதுலயும் பொம்பளப் பிள்ளைகளுக்கு. உங்க வயசு ஒண்ணும் செய்யல. இப்பவாவது வந்தீங்களே. இன்னும் தள்ளிப்போட்டா ஒவ்வொரு மாசமும் கஷ்டம் கூடும்.”

அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். டாக்டர் அடுத்தவரைக் கூப்பிடாமல் காத்திருந்தார்.

மயக்கம் கொடுத்துப் பந்தைக் கிண்ணத்துக்குள் வைத்து, நெஞ்சிலிருந்து கால் வரை மாவுக்கட்டுப் போட வேண்டும். மூன்று மாதம். உள்ளே போகவில்லை என்றால் அறுவை சிகிச்சை. பிறகும் வளர்கிற வரை வருடா வருடம் காட்ட வேண்டும்.

செப்டம்பர் 6, வெள்ளி

டீச்சரிடம் எல்லாம் சொன்னேன். நான் கொண்டு போயிருந்த சார்ட்டை வாங்கி அவரே சுருட்டி வைத்தார்.

“சரி பண்ணிட்டு வான்னு சொன்னது நான்தான,” என்றார். “ஏன்னு கேட்டிருக்கணும்.”

புதுச் சார்ட் அட்டை அவரே வாங்கித் தந்தார்.

செப்டம்பர் 13, வெள்ளி

கண்காட்சி. செய்தித்தாளையே அட்டையில் ஒட்டிவிட்டோம். வெளியூர் நடுவர் கண்ணாடியை ஏற்றிவிட்டு, டீச்சர் சொன்னது போலவே முதலில் அதைத்தான் கேட்டார்.

“இடது காலுக்கு ஏன் குதிகால் இல்லை?”

“அது பதியலை சார். பதியாததுக்குக் காரணம் இடுப்புல இருக்கு. நாம நிமிர்ந்து நடக்கிறதே பாதத்தால மட்டும் இல்ல, இடுப்பாலயும்தான். இது என் தங்கச்சி. திங்கக்கிழமை ஆஸ்பத்திரியில சேர்க்கிறோம்.”

அவர் குனிந்து இடது பாதங்களை எண்ணினார். அந்த நேரம் பார்த்து ஜெனிபாவின் எரிமலை பொங்கி அவருடைய காகிதங்களை நனைத்துவிட்டது.

பரிசு சொட்டுநீர்ப் பாசனத்துக்கு. ஒன்பதாம் வகுப்பு ‘இ’. நன்றாகத்தான் செய்திருந்தார்கள்.

செப்டம்பர் 17, செவ்வாய்

பந்து உள்ளே போய்விட்டது. அறுவை சிகிச்சை வேண்டியதில்லை. சின்னு தவளைபோலக் கால்களை விரித்து வெள்ளைக் கட்டுக்குள் இருக்கிறாள். விழித்ததும் முதல் வேலையாகக் கரண்டியால் அந்தக் கட்டைத் தட்டிப் பார்த்தாள். சத்தம் பிடித்திருக்கிறது போல, நிறுத்தவே இல்லை.

அக்டோபர் 6, ஞாயிறு

காலாண்டு விடுமுறை. பேச்சியத்தை தினமும் வந்து சின்னுவைத் தூக்கிக்கொண்டு உட்கார்கிறாள். கட்டோடு சேர்த்து இரண்டு பிள்ளை கனம். இன்று கடைக்காரம்மா எட்டிப் பார்த்து, பிள்ளைக்கு என்ன ஆச்சு என்று கேட்டாள். நான் அம்மாவைப் பார்த்தேன். அம்மா திண்டாடவில்லை.

“இடுப்புல பந்து விலகியிருக்கு. பிறவியிலயே. இப்ப உள்ள வச்சிருக்காங்க,” என்று தெரு கேட்கிற மாதிரி சொன்னாள். “உங்க பேரப்பிள்ளைக்கும் தொடை மடிப்ப எண்ணிப் பாருங்க. ஒண்ணும் செலவில்ல.”

டிசம்பர் 18, புதன்

கட்டைப் பிரித்துவிட்டார்கள். கால்கள் குச்சிபோல இருக்கின்றன. நிற்கத் தெரியவில்லை. இரவில் மட்டும் கால்களை விரித்து வைக்க ஒரு பட்டை.

டிசம்பர் 29, ஞாயிறு

மறுபடியும் நான்கு காலில் தவழ்கிறாள். முதலிலிருந்து. பீரோ வரை.

பிப்ரவரி 2, ஞாயிறு

பீரோவைப் பிடித்து நிற்கிறாள். ஜெனிபா வந்து, “லூசி, வா பிள்ள, வா” என்று கூப்பிட்டாள். சின்னு அவள் மூக்கைப் பிடித்து இழுத்தாள். கையை விட மாட்டேன் என்கிறாள்.

மார்ச் 2, ஞாயிறு

பண்டிகை எதுவும் இல்லை. ஆனால் சாயங்காலம் அம்மா அரிசியை ஊற வைத்து அரைத்தாள். இட்லிக்கா என்று கேட்டேன். மாவைத் தாம்பாளத்தில் ஊற்றித் தண்ணீர் கலந்து, வாசலில் வைத்தாள். சின்னுவைத் தூக்கி வந்தாள். பாவாடை இல்லை, முழங்கால் தெரிகிற கவுன். இரண்டு பாதத்தையும் அம்மாவே தோய்த்தாள்.

“பேப்பரை எடு,” என்றாள் என்னிடம்.

எதிரே அப்பா முறுக்கோடு உட்கார்ந்தார். அத்தை கதவோரம் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள், இந்த முறை மாவில் முட்டியைத் தோய்க்காமல். சின்னு எங்கள் நான்கு பேரையும் பார்த்தாள். முறுக்கைப் பார்த்தாள். அம்மாவின் கையை விட்டாள்.

ஆறு அடி. இன்னும் கொஞ்சம் சாய்கிறாள். தசை பலப்பட நாளாகும் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார்.

குறிப்பு: வலது மூன்று, இடது மூன்று. இடது முதல் அடியில் குதிகால் இல்லை. இரண்டாவதில் இல்லை. மூன்றாவதில் புளியங்கொட்டை அளவுக்கு ஒரு வெள்ளை இருக்கிறது. அம்மாவும் அப்பாவும் அத்தையும் குனிந்து பார்த்தார்கள். அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

“நீ ஒண்ணும் தொடலைல்லா?”

“தொடலம்மா.”

நகல் எடுத்துவிட்டேன். இரண்டு இடங்களை வெற்றாகவே விட்டிருக்கிறேன். மூன்றாவது எவ்வளவு இருந்ததோ அவ்வளவு.

அத்தை தரையைத் துடைக்கத் துணியோடு வந்தபோது அம்மா வேண்டாம் என்றுவிட்டாள். இப்போது எல்லோரும் படுத்தாயிற்று. அம்மா கதவைத் தாழிட்டுவிட்டு, அந்த ஆறு பாதங்களின் மேல் மிதித்துவிடாமல் சுவரோரமாக ஒட்டி ஒட்டி நடந்து வந்தாள். சுவிட்சுக்கு எட்ட ஒற்றைக் காலில் நின்று கையை நீட்டினாள். இடுப்பு சாயவில்லை. லைட்டை அணைத்துவிட்டாள்.